நான் திருடிய ஒரு குச்சியும் திருடாத அறுபத்தொரு குச்சிகளும்

எங்கள் கொட்டை மரம் வளர்ப்போர் சங்கத்தின் ஆண்டு மலருக்கு டெல்ஃபின் ஹோஃபர்காம்பைப் பற்றி எழுதித் தரச் சொல்லி என்னைக் கேட்டிருக்கிறார்கள். ஊரில் வேறு ஆளே கிடைக்கவில்லையா என்றேன். அவளை என்னைவிட நன்றாகத் தெரிந்தவர்கள் யாருமில்லை என்றார்கள். அதுவும் சரிதான். இரண்டு பண்ணைகளுக்கும் நடுவே ஒரே ஒரு முள்கம்பி வேலி. ஒன்றாம் வகுப்பிலிருந்து ஒரே பள்ளிக்கூடம், ஒரே மாதா கோயில். போதாததற்கு ஒரு வருடத்துக்குமேல் அவள் என்னைத் திருடன் என்று ஊரெல்லாம் சொல்லிக்கொண்டிருந்தாள். இதற்குமேல் என்ன பழக்கம் வேண்டும்?

என் பெயர் ஒத்மார் நேபல். கோழி வளர்க்கிறேன், ஹிக்கரி மரங்களுக்கு ஒட்டுக் கட்டுகிறேன். கோழி வயிற்றுக்கு, ஹிக்கரி மனதுக்கு. இந்தியானாவின் இந்தத் தெற்கு மூலையில் எனக்கு ஈடாக ஒட்டுக் கட்டுகிறவன் கிடையாது. இதைத் தற்பெருமை என்று நினைக்கிறவர்கள் ஒரு ஹிக்கரியில் ஒட்டுக் கட்டிப் பார்த்துவிட்டு வந்து பேசட்டும்.

டெல்ஃபின் முப்பத்தொரு வருடம் பள்ளிப் பேருந்து ஓட்டியவள். ஆறடி உயரம். கண்ணாடியில் ஒருமுறை பின்னால் பார்த்தாளென்றால் கடைசி வரிசைப் போக்கிரிகள்கூடக் கையைக் கட்டிக்கொள்வார்கள். அவளுடைய இருக்கைக்கு அடியில் முதலுதவிப் பெட்டி இருக்க வேண்டிய இடத்தில் ஒரு அரிவாளும் கிளை அறுக்கும் ரம்பமும் மரப்புண்ணுக்குப் பூசும் தார் டப்பாவும் இருக்கும். போகிற வழியில் யாருடைய ஹிக்கரியிலாவது கூண்டுப்புழு வலை கட்டியிருப்பது கண்ணில் பட்டால் வண்டியை ஓரங்கட்டி நிறுத்திவிடுவாள். நாற்பது பிள்ளைகளும் சன்னலில் தொங்கிக்கொண்டு வேடிக்கை பார்க்க, தொரட்டியால் அந்த வலையைச் சுருட்டி இழுத்து, புழுக்களை மிதித்துவிட்டுத்தான் வண்டியை எடுப்பாள். பிள்ளைகள் தாமதமாக வருவதாகத் தலைமையாசிரியர் குறைப்பட்டுக்கொண்டபோது, பள்ளிக்கூடம் எங்கேயும் ஓடிப்போகாது, புழு நாளைக்குள் அடுத்த கிளைக்குப் போய்விடும் என்று பதில் சொன்னாளாம்.

அவள் மரத்துக்கு வருகிறேன். அது அவள் வீட்டுப் பழைய பால்கொட்டகைக்குப் பின்னால் நின்ற ஹிக்கரி. பட்டை முழ நீளத்துக்கு உரிந்து தொங்கும் ஜாதி. வெளியூர்க்காரர்கள் பார்த்தால் மரத்துக்கு ஏதோ நோய் என்று பரிதாபப்படுவார்கள். சாதாரண ஹிக்கரிக் கொட்டையை உடைப்பது லேசான வேலையில்லை. சுத்தியலால் அடித்தால் ஓடும் பருப்பும் ஒன்றாக நொறுங்கும். அப்புறம் ஊசியை வைத்துக்கொண்டு மத்தியானம் முழுக்கக் குத்தியெடுத்தால் ஒரு கேக்குக்கு ஆகும். இதற்குப் பயந்துதான் வால்நட் பக்கம் போய்விட்டவர்கள் உண்டு. அவர்களைப் பற்றி நான் ஒன்றும் சொல்வதற்கில்லை. டெல்ஃபினின் கொட்டை அப்படியில்லை. நுனியில் ஒரு தட்டுத் தட்டினால் ஓடு இரண்டாகப் பிளந்து, பருப்பு முழுசாக இரண்டு பாதியாக மடியில் விழும். முதல்முறை அதைப் பார்த்த அன்று நான் என்னையறியாமல் எழுந்து நின்றுவிட்டேன்.

சங்கத்தின் பதிவேட்டில் அந்த ரகத்துக்குத் தன் குடும்பப் பெயர் ஏற வேண்டும் என்பது டெல்ஃபினின் ஒரே ஆசை. ஆனால் எங்கள் சங்கத்தில் ஒரு சட்டம் இருக்கிறது. தாய்மரம் எவ்வளவு பிரமாதமாகக் காய்த்தாலும் கணக்கில்லை. அதிலிருந்து குச்சி வெட்டி வேறொரு செடியில் ஒட்டி, அந்த ஒட்டுமரம் அதே கொட்டையைக் காய்த்துக் காட்டினால்தான் பெயர் ஏறும். டெல்ஃபின் இருபத்திரண்டு வருடம் ஒட்டுக் கட்டினாள். ஒன்றுகூடப் பிடிக்கவில்லை. அவள் கை ஸ்டியரிங் பிடித்த கை. மொட்டைப் பட்டையோடு பெயர்த்து வைக்கும்போது கியர் மாற்றுவதுபோல வைப்பாள்.

குச்சி கேட்டு யார் தபால்தலை ஒட்டிய உறை அனுப்பினாலும் கொடுத்துவிடுவது எங்கள் வழக்கம். டெல்ஃபின் மட்டும் கொடுக்க மாட்டாள். முதல் ஒட்டு தன் கையால்தான் பிடிக்க வேண்டும், அப்புறம் உலகத்துக்கே கொடுப்பேன் என்பாள். நானும் மூன்று முறை கேட்டேன். மூன்றாவது முறை, என் கை அந்த மரத்தின் மேல் பட்டால் கையை ஒடித்துவிடுவதாகச் சொன்னாள்.

மற்றபடி அந்த மரத்தை அவள் பார்த்துக்கொண்ட விதம் இருக்கிறதே, பிள்ளைபெற்றவளைக்கூட யாரும் அப்படிப் பார்த்துக்கொண்டதில்லை. அணில் ஏறாமல் இருக்க மரத்தைச் சுற்றித் தகரப்பட்டை. மூக்கு வண்டின் புழுக்கள் கொட்டையை விட்டிறங்கி மண்ணுக்குள் போகிற பருவத்தில் என்னிடமே பத்துக் கோழிகளை இரவல் வாங்கி மரத்தடியில் விட்டு மேய்ப்பாள். உதிர்ந்த கொட்டைகளைத் தொட்டித் தண்ணீரில் கொட்டி, மிதப்பவையெல்லாம் சொத்தை என்று அள்ளி அடுப்பில் போடுவாள். தோல் துளைக்கும் புழுவுக்குப் பயந்து கீழே கிடக்கும் மேல்தோலில் ஒன்றுவிடாமல் பொறுக்கி எரிப்பாள். இலையில் சொறி நோய் கண்ட வருடம் உதிர்ந்த சருகையெல்லாம் ஒரு மாதம் தொடர்ந்து கூட்டினாள். அவளுக்குத் தெரியாத பூச்சி இந்த ஜில்லாவில் இல்லை என்று நாங்கள் நினைத்திருந்தோம். அவளும் அப்படித்தான் நினைத்திருந்தாள்.

எண்பத்தெட்டில் மழை பொய்த்தது. மக்காச்சோளம் இடுப்பு உயரத்திலேயே கருகிப்போனது. அந்த ஆகஸ்ட் கடைசியில் ஒருநாள் டெல்ஃபின் மரத்தடியில் ஒரு குச்சி கிடப்பதைப் பார்த்தாள். பென்சில் கனம், இலையெல்லாம் பச்சையாக இருக்கிறது. அடிமுனை சுற்றிலும் வழவழப்பாக, கத்தியால் சீவியதுபோல. நடுவில் மட்டும் முறிந்த தும்பு. மறுநாள் இன்னும் இரண்டு. ஒரு வாரத்தில் பதினேழு.

எங்களைப் போன்றவர்கள்தான் இந்த இடத்தில் தப்புக் கணக்குப் போடுவோம். வேறு யாராயிருந்தாலும் காற்றுக்கு விழுந்தது என்று தாண்டிப்போயிருப்பார்கள். ஆனால் ஆகஸ்ட் கடைசி என்பது மொட்டு ஒட்டுக் கட்டும் பருவம். அதற்கு வேண்டியது சரியாகப் பென்சில் கனக் குச்சி. சுற்றிலும் ஒரு வெட்டு வெட்டி ஒடித்தெடுப்பது ஒட்டுக்காரன் வழக்கம். நல்லதை எடுத்துக்கொண்டு மட்டமானதைக் கீழே போட்டுவிட்டுப் போகிற அளவுக்குக் குச்சியில் குறை பார்க்கிறவன் யார்? இருபது அடி நீளத்துக்குத் தொரட்டிக் கத்தரி வைத்திருப்பவன் யார்? டெல்ஃபின் ரொம்ப நேரம் யோசிக்கவில்லை.

வேலிக்கு அந்தப் பக்கம் நின்று பதினேழு குச்சிகளையும் தூக்கிக் காட்டினாள்.

"ஏய் ஒத்மார். கேட்டா குடுக்கலன்னு திருட ஆரம்பிச்சிட்டியா?"

"சத்தியமா நான் இல்ல டெல்ஃபின்."

"அப்ப ஏன் உன் காது இப்படிச் செவக்குது?"

காது சிவந்ததற்குக் காரணம் இருந்தது. அதை இங்கேயே சொல்லிவிடுகிறேன். அந்தப் பதினேழை நான் தொடவில்லை. ஆனால் பத்து வருடத்துக்கு முன்னால், எழுபத்தெட்டு மார்ச் மாதம், அவள் பேருந்தை எடுத்துக்கொண்டு போன பிறகு, பட்டப்பகலில் வேலியைத் தாண்டி ஒரே ஒரு குச்சி வெட்டினேன். மூன்று மொட்டு உள்ள குச்சி. என் கோழிக்கொட்டகைக்குப் பின்னால் இருந்த செடியில் ஒட்டினேன். பிடித்துக்கொண்டது.

பொறாமை இருந்தது, மறைப்பானேன். அதைவிடப் பெரிய தொல்லை, வருடா வருடம் அவள் தோற்பதை வேலிக்கு இந்தப் பக்கமிருந்து பார்க்க முடியவில்லை. நல்ல ஒட்டை அவள் முன்னால் கொண்டுபோய் நிறுத்திவிட்டு, இந்தா உன் மரம் என்று சொல்ல வேண்டும் என்றுதான் வெட்டினேன். பிடித்த பிறகுதான், எங்கிருந்து வந்தது என்று கேட்பாளே என்று உறைத்தது. முதல் வருடமே சொல்லியிருந்தால் நாலு அடியோடு போயிருக்கும். இரண்டாம் வருடம் கொஞ்சம் கஷ்டம். ஐந்தாம் வருடம் பாவசங்கீர்த்தனத்தில் பாதிரியாரிடம் சொன்னேன்; அவருக்கு ஹிக்கரி என்றால் என்னவென்றே தெரியாததால் மூன்று ஜெபத்தோடு விட்டுவிட்டார். பத்தாம் வருடம் அந்த மரம் என்னைவிட இரண்டு மடங்கு உயரம்.

ஆகவே டெல்ஃபின் என்னைத் திருடன் என்றபோது என்னால் நெஞ்சை நிமிர்த்திச் சண்டை போட முடியவில்லை. நான் மென்று விழுங்கியதைப் பார்த்து அவளுக்குச் சந்தேகமே இல்லாமல் போய்விட்டது. கடையில், கோயில் வாசலில், பேருந்தில், எங்கும் இதே பேச்சு. பள்ளிப்பிள்ளைகள் என் வீட்டைத் தாண்டும்போது சன்னலை மூடிக்கொண்டார்கள், ஏதோ நான் கையை விட்டுச் சாப்பாட்டு டப்பாவை எடுத்துக்கொள்வேன் என்பதுபோல. ஒட்டுக்காரனுக்குச் சொத்தே அவன் பெயர்தான். திருடன் என்று ஒருவருக்குத் தோன்றிவிட்டால் யாரும் அவன் கையில் குச்சி கொடுக்க மாட்டார்கள்.

பதினேழு குச்சிகளையும் டெல்ஃபின் சாட்சியாக எடுத்து வைத்தாள். எப்படி வைத்தாள் தெரியுமா? எங்களுக்கெல்லாம் கைவந்த முறைப்படி, ஈரமான மரத்தூளில் பொதிந்து, பலகைப் பெட்டியில் அடுக்கி, மூடியை ஆணியடித்துப் பால்கொட்டகையில் வைத்தாள். என்றைக்காவது என் நிலத்தில் புது ஒட்டு முளைத்தால் பட்டையோடு பட்டை வைத்துப் பார்க்கலாமே என்று திட்டம். வாரம் ஒருமுறை பூவாளியால் பலகை இடுக்கு வழியாகத் தண்ணீர் தெளித்தாள். குளிர்காலம் முழுக்க, வசந்தம் முழுக்க, ஒரு வாரம்கூடத் தவறாமல்.

மறு ஆகஸ்டில் குச்சிகள் மழையாகக் கொட்டின. நாற்பத்து நான்கு. டெல்ஃபின் விடுப்புப் போட்டுவிட்டு மரத்தடியில் மடக்கு நாற்காலி போட்டு உட்கார்ந்தாள். கழுத்தில் விசில். அவள் உட்கார்ந்திருக்கும்போதே தலைக்கு மேலிருந்து ஒரு குச்சி விழுந்தது. நான் அந்த நேரம் ஊரில்கூட இல்லை, கோழி விற்கப் போயிருந்தேன். அதைச் சொன்னதற்கு, நான் மேலே ஏதோ கம்பி கட்டித் தூரத்திலிருந்து இழுப்பதாகச் சொன்னாள்.

செப்டம்பர் இரண்டாம் ஞாயிறு, கோயில் நிலவறைக் கூடத்தில் சங்கக் கூட்டம். தலைவர் சில்வன் பெட்டிங்கர். ஊரில் சவ அடக்க நிலையம் நடத்துகிறவர். அவர் என்ன பேசினாலும் இறந்தவருக்கு அஞ்சலி செலுத்துவதுபோலவே இருக்கும். டெல்ஃபின் என்னைச் சங்கத்திலிருந்து நீக்க வேண்டும் என்று எழுதிக் கொடுத்திருந்தாள். புது நாற்பத்து நாலைச் சாக்கில் கட்டிக்கொண்டும், பழைய பதினேழைப் பெட்டியோடு தோளில் தூக்கிக்கொண்டும் வந்து, ஹிக்கரிக் கேக்குகள் வரிசையாக வைத்திருந்த மேசையின் நடுவில் பொத்தென்று இறக்கினாள். பெயர் போகப்போகிறது, அதுவும் பாதி நியாயமாகப் போகப்போகிறது என்று உட்கார்ந்திருந்தேன்.

பெட்டிங்கர் ஆணியைப் பிடுங்கி மூடியைத் திறந்தார். ஒன்றிரண்டல்ல, ஒரு கை நிறைய இருக்கும், சாம்பல் நிறத்தில் நீள மீசை வைத்த வண்டுகள். வெளிச்சத்தைப் பார்த்ததும் விறுவிறுவென்று பெட்டியின் விளிம்பில் ஏறி, கேக்கின் மேல் இறங்கி, அங்கிருந்து பறந்து ஒரு அம்மாளின் கொண்டையில் போய் உட்கார்ந்தன. நாற்காலிகள் சாய்ந்தன. காப்பிப் பாத்திரம் கவிழ்ந்தது. பெட்டிங்கர் மட்டும் அசையாமல் ஒரு குச்சியை எடுத்துப் பேனாக்கத்தியால் நீளவாக்கில் பிளந்தார். உள்ளே முழுக்கச் சுரங்கம், அதன் கோடியில் வெள்ளையாக ஒரு கூட்டுப்புழு படுத்திருந்தது.

அவர் தன் வழக்கமான குரலில் விளக்கினார். இந்த வண்டின் பெண், குச்சிக்குள் முட்டையிடும். பச்சை மரத்தின் சாற்றில் குஞ்சு பிழைக்காது என்பதால், முட்டையிட்ட குச்சியைச் சுற்றி வளையமாகக் கடித்துவைக்கும். காற்றடித்தால் அது ஒடிந்து விழும். விழுந்த குச்சிக்குள் புழு ஒரு வருடம் தின்று வளர்ந்து அடுத்த ஆகஸ்டில் வண்டாகி வெளியே வரும். விழுந்த குச்சியை உடனே பொறுக்கி எரித்தால் கதை முடிந்தது. எரிக்காமல் ஈரமும் நிழலும் கொடுத்து, வாராவாரம் தண்ணீர் தெளித்து, மரத்துக்கு இருபது அடி தூரத்தில் வைத்து யாராவது வளர்த்தால் என்ன ஆகும் என்பதை அவர் சொல்லவில்லை. எல்லோரும் டெல்ஃபினைப் பார்த்தார்கள்.

அப்புறம் கூடம் சிரித்த சிரிப்பில் மேலே பூசைக்கு மணியடிக்க வந்தவர் கீழே இறங்கி வந்துவிட்டார். என் முதுகில் தட்டாத கை இல்லை. அநியாயமாகப் பழி சுமந்த உத்தமன் என்று என்னை எழுந்து நிற்கச் சொல்லிக் கைதட்டினார்கள். அதோடு விட்டார்களா? அடுத்த வருடத்துக்குத் துணைத் தலைவராக ஏகமனதாகத் தேர்ந்தெடுத்தார்கள். டெல்ஃபின் என்னிடம் வந்து கையை நீட்டினாள். மன்னிப்பெல்லாம் கேட்பாள் என்று எதிர்பார்க்காதீர்கள்.

"திருடன்னு சொன்னதுல தப்பில்ல. கால் ரெண்டா ஆறாங்கிறதுலதான் தப்பு."

நான் பல்லைக் காட்டிச் சிரித்தேன். வீட்டுக்கு வந்து கோழிக்கொட்டகைக்குப் பின்னால் போனேன். ஊருக்கு உத்தமன் அங்கே போய் மரத்தில் சாய்ந்து நின்றுகொண்டான். அன்றைக்குத்தான் கவனித்தேன், என் மரம் முதல்முறையாகக் காய்த்திருந்தது. பதினான்கு காய். இப்போது சொன்னால் டெல்ஃபினின் பெயர் பதிவேட்டில் ஏறிவிடும். என் பெயர் மண்ணுக்குள் போய்விடும். நான் சொல்லவில்லை. கொட்டைகளைக் காலுறை வைக்கிற டிராயரில் ஒளித்துவைத்தேன்.

அந்த இலையுதிர்காலத்தில் நானும் டெல்ஃபினும் சேர்ந்து அவள் மரத்தடிக் குச்சிகளைக் கூட்டி எரித்தோம். அவள் கேக் கொண்டுவந்து கொடுத்தாள். நான் அதைத் தின்னாமல் காகிதத்தில் சுற்றி வைத்துக்கொண்டேன். அப்போதுதான் இரண்டு பேரும் ஒன்றைப் பார்த்தோம். மரத்தின் உச்சி அந்தப் பருவத்துக்கு முன்பே மஞ்சளித்திருந்தது. பட்டை இடுக்குகளில் மாவு உதிர்ந்ததுபோலத் தூள். ஊசி குத்தியது மாதிரித் துளைகள். டெல்ஃபின் ஒரு பட்டையைப் பெயர்த்தாள். அடியில் மரத்தின் மேல் பூரான் அச்சு வைத்ததுபோலக் கோடுகள். நடுவில் ஒரு கோடு, இரண்டு பக்கமும் நூறு கால்.

பட்டை வண்டு. வறட்சியில் வாடிய ஹிக்கரியைத் தேடிப்பிடித்து வருகிற சனியன். குச்சி கடிக்கிற வண்டு மரத்தின் மயிரைப் பிடுங்குகிறது என்றால் இது கழுத்தைப் பிடிக்கிறது. இரண்டு கோடையாகத் திருடன் வருகிறானா என்று மேலேயே பார்த்துக்கொண்டிருந்தவள் அடிமரத்தைப் பார்க்கவில்லை. அதை அவளே சொன்னாள். அவள் தன் தப்பைத் தானே சொல்லி நான் கேட்டது அது ஒருமுறைதான்.

பெட்டிங்கர் வந்து பார்த்து, தொப்பியைக் கழற்றினார். அவர் தொப்பியைக் கழற்றினால் அதற்குமேல் விசாரிக்க ஒன்றுமில்லை. மரத்தை வசந்தம் முடிவதற்குள் வெட்டிப் பட்டையை எரித்துவிட வேண்டும், இல்லாவிட்டால் புழுவெல்லாம் வண்டாகிப் பறந்து சுற்றுவட்டாரத்து ஹிக்கரிகளையெல்லாம் முடித்துவிடும் என்றார். மார்ச்சில் டெல்ஃபின் ஒட்டுக்காக உயிருள்ள குச்சி தேடி ஏணி போட்டு ஏறினாள். எதை வெட்டினாலும் உள்ளே பழுப்பு. ஒரு குச்சிகூடத் தேறவில்லை.

ஏப்ரலில் மரத்தைச் சாய்த்தோம். பட்டையெல்லாம் உரித்துக் குவித்து அவளே நெருப்பு வைத்தாள். அழுதால்கூடப் பரவாயில்லை. அழவில்லை. மறுநாள் காலை பேருந்து அவள் வீட்டு முற்றத்தில் உறுமிக்கொண்டே நின்றது. பத்து நிமிடமாகியும் கிளம்பவில்லை. வேலியைத் தாண்டிப் போனேன். ஸ்டியரிங்கைப் பிடித்தபடி உட்கார்ந்திருந்தாள். எந்தப் பக்கம் திரும்ப வேண்டும் என்று மறந்துவிட்டது என்றாள். முப்பத்தொரு வருடமாக ஓட்டின பாதை அது.

அந்தக் கணத்தில் என் நல்ல பெயர், துணைத் தலைவர் பதவி, உத்தமன் பட்டம் எல்லாம் எனக்குக் குப்பையாகத் தெரிந்தன. படியில் ஏறி நின்று சொன்னேன்.

"டெல்ஃபின், உன் மரம் செத்துப்போகல. என் கோழிக்கொட்டாய்க்குப் பின்னாடி நிக்குது. நான்தான் திருடினேன். ஒரே ஒரு குச்சி. பன்னெண்டு வருஷம் ஆச்சு."

அவள் தலையைத் திருப்பி என்னைப் பார்த்தாள். கடைசி வரிசைப் போக்கிரிகளைப் பார்க்கிற அதே பார்வை.

"காய்ச்சுதா?"

"பதினாலு."

பேருந்தை அணைக்கக்கூட இல்லை. ரப்பர் பூட்ஸோடு குதித்து ஓடினாள். ஐம்பத்தெட்டு வயதில் ஆறடிப் பெண்பிள்ளை முள்கம்பி வேலியைத் தாண்டுவதை நான் அதற்குமுன் பார்த்ததில்லை. நான் போய்ச் சேர்வதற்குள் மரத்தைச் சுற்றி இரண்டு வட்டம் வந்துவிட்டாள். பட்டையை முகர்ந்தாள், மொட்டைக் கிள்ளிப் பார்த்தாள், பச்சை தெரிந்ததும் மரத்தை இரண்டு கையாலும் கட்டிக்கொண்டாள். நான் வாயைத் திறப்பதற்குள் திட்டத் தொடங்கிவிட்டாள். அணில் தகரம் ஏன் தளர்ந்திருக்கிறது, கோழி எச்சம் இவ்வளவு நெருக்கமாகவா கொட்டுவார்கள், கீழே வளையம் கடித்த குச்சி மூன்று கிடக்கிறதே, ஊருக்கே வண்டுப் பாடம் நடத்தினார்கள், உன் மரத்தடியில் பொறுக்க உனக்குத் துப்பில்லையா. நான் மூன்றையும் பொறுக்கிச் சட்டைப்பையில் போட்டுக்கொண்டேன். சந்தோஷத்தில் எனக்குக் கால் தரையில் நிற்கவில்லை.

என் சமையலறையில் டிராயரோடு கொண்டுவந்து கொட்டைகளைக் கொட்டினேன். இஸ்திரிப் பெட்டியைத் தலைகீழாக முழங்காலிடுக்கில் வைத்துக்கொண்டு டெல்ஃபின் ஒன்றை நிறுத்தித் தட்டினாள். ஓடு பிளந்தது. இரண்டு பாதியும் முழுசாக மடியில் விழுந்தன. ஒன்றை என் வாயில் போட்டாள், ஒன்றைத் தான் போட்டுக்கொண்டாள். நாங்கள் மெல்லும்போது முற்றத்தில் பேருந்து இன்னும் உறுமிக்கொண்டிருந்தது. அன்றைக்குப் பிள்ளைகள் ஒன்றரை மணி நேரம் தாமதம்.

அதோடு முடிந்தது என்று நினைத்தேன். செப்டம்பர் கூட்டத்தில் துணைத் தலைவர் நாற்காலியில் நான் உட்கார்ந்திருக்க, டெல்ஃபின் எழுந்தாள். ஞாயிற்றுக்கிழமைத் தொப்பி, கையில் அந்த வருடத்து இருபத்து மூன்று கொட்டைகள். முகம் அப்படிப் பூரித்திருந்ததை நான் என் ஆயுளில் பார்த்ததில்லை. கல்யாணத்தன்றுகூட அவள் அப்படி இருந்ததில்லை, அன்று கல்யாணத்துக்குச் சாட்சியாக நான் பக்கத்திலேயே நின்றவன்.

"போன வருஷம் எல்லாரும் என்னைப் பாத்துச் சிரிச்சீங்க. நான் சொன்னப்ப ஒருத்தராவது நம்புனீங்களா? இவன் திருடன்தான். இந்தா, அவன் வாயாலயே கேளுங்க."

நான் எழுந்து ஒப்புக்கொண்டேன். மரம் பிழைத்தது அவளுக்குச் சந்தோஷம்தான். ஆனால் தான் சொன்னதே கடைசியில் சரியாகப் போனது, அதுதான் அவளை அப்படி மினுக்கியது. துணைத் தலைவர் பதவியைப் பெட்டிங்கர் அங்கேயே பறித்தார். சங்கத்திலிருந்தே நீக்கிவிடவா என்று டெல்ஃபினைக் கேட்டார். புகார் கொடுத்தவள் அவள்தானே, முடிவும் அவள் கையில்.

"வேண்டாம். வெளிய விட்டா அடுத்தவங்க மரத்துக்குப் போவான். என் கண்ணு முன்னாலயே கெடக்கட்டும்."

பிறகு பெட்டிங்கர் பதிவேட்டைத் திறந்தார். கொட்டைகளை உடைத்துப் பார்த்து, எடை போட்டு, ரகத்தின் பெயர் என்ற இடத்தில் ஹோஃபர்காம்ப் என்று எழுதினார். எழுத்தெழுத்தாக, கல்லறைக் கல்லில் செதுக்குவதுபோல. ஒட்டுக் கட்டியவர், ஒத்மார் நேபல். அடுத்தது, குச்சி எப்படிக் கிடைத்தது என்ற இடம். எங்கள் பதிவேட்டில் நூற்றுச் சொச்சம் ரகங்களுக்கும் அங்கே ஒரே வார்த்தைதான், அன்பளிப்பு. அவர் பேனாவை நிறுத்தி டெல்ஃபினைப் பார்த்தார். அவள் என்னைப் பார்த்தாள். அன்பளிப்பு என்றே போடச் சொல்லிவிடுவாள் என்று ஒரு நொடி நினைத்தேன்.

திருட்டு என்று போடச் சொன்னாள். அதற்குக் கீழே என்னைக் கையெழுத்துப் போடச் சொன்னாள். போட்டேன், வாய் காதுவரை சிரித்தது.